ஓடக்கா பேசிய படம்

ராயபுரத்தில் தவசிமுத்துவின் மிளகாய்க் கிடங்குக்கு மேல்மாடியில் குடியிருந்த பிரெஞ்சு நடிகைக்கு ஓதெத் மார்வே என்று பெயர். இந்தப் பெயரை வைத்துக்கொண்டு ராயபுரத்தில் காலம் தள்ள முடியுமா? மீன் விற்கிற கன்னியம்மாதான் அதைத் தட்டி நிமிர்த்தி ஓடக்கா என்று ஆக்கினாள். அப்புறம் தெருவே அப்படிக் கூப்பிட்டது. தவசிமுத்து மட்டும் மரியாதைக்கு 'மேடம்' என்பார்.

பாரிசில் அவள் பெரிய நடிகையாக இருந்தாள் என்றால் பொய். ஒன்றுமே இல்லாதவள் என்றாலும் பொய். நாடகங்களில் கதாநாயகிக்கு அடுத்த வேஷம் அவளுக்குத்தான். குரல்தான் அவள் சொத்து. முணுமுணுத்தால்கூடக் கடைசி வரிசையில் இருப்பவன் காதைத் தீட்டிக்கொண்டு நிமிர்ந்து உட்காருவான். சினிமாவிலும் கூப்பிட்டார்கள். ஆனால் அது ஊமைப்படக் காலம். திரையில் அவள் வாய் அசையும், ஜனங்கள் கீழே எழுத்தைப் படிப்பார்கள். பேசும் படம் வந்தபோது முதலாளிகளுக்கு இளசாக வேண்டியிருந்தது. போங்கடா நீங்களும் உங்கள் சினிமாவும் என்று ஒரு நாடகக் கம்பெனியோடு சைகோனுக்குக் கப்பல் ஏறினாள். திரும்பி வரும் வழியில் புதுச்சேரியில் இறங்கிய சமயம் பார்த்து யுத்தம் வந்தது, கப்பல் நின்றது, கம்பெனி மேனேஜர் கம்பி நீட்டினான். யுத்தம் முடிந்தபோது பாரிசில் அவளுக்கென்று ஒருவரும் மிச்சமில்லை.

பிறகு சென்னை. பணக்கார வீட்டுப் பெண்களுக்குப் பிரெஞ்சு சொல்லிக்கொடுத்தாள். சினிமாக்காரர்கள் வெள்ளைக்காரி வேண்டுமென்றால் கார் அனுப்பினார்கள். விருந்துக் காட்சியில் கோப்பையைப் பிடித்துக்கொண்டு நிற்பாள், காரிலிருந்து இறங்குவாள், சிரிப்பாள். வசனம் கிடையாது. நாடகத்தில் பேசியதெல்லாம் காற்றோடு போயிற்று, சினிமாவிலோ அங்கும் ஊமை, இங்கும் ஊமை. கண்ணை மூடுவதற்குள் ஒரே ஒரு படத்திலாவது தன் குரல் பதிய வேண்டும் என்று அவளுக்கு ஆசை. ஆசை என்று சொல்வது போதாது, அதற்காகத்தான் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டிருந்தாள்.

அவளோடு பேச இந்த ஊரில் இருந்தது கன்னியம்மா ஒருத்திதான். தெருவெல்லாம் விற்றுவிட்டுக் கடைசியாக மாடிக்கு வருவாள். கூடையை இறக்கி, மாடி முற்றத்துக் கல்லில் குந்திக்கொண்டு ஓடக்காவுக்கென்று ஒதுக்கி வைத்த மீனை ஆய்ந்து கொடுப்பாள். ஆய்கிற நேரம் கொஞ்சம், பேசுகிற நேரம் அதிகம். மருமகள் சண்டை, கடல் சீற்றம், துறைமுகத்து வம்பு எல்லாம் அந்தக் கல்லில்தான் அரங்கேறும். ஓதெத் தமிழ் கற்றுக்கொண்டது இப்படித்தான். தான் பேசுவது தமிழ் என்று தெரியுமே ஒழிய, அது ராயபுரத்து மீன்காரி தமிழ் என்று அவளுக்கு யார் சொன்னார்கள்? பணக்கார வீடுகளில் அவள் வாயைத் திறந்தால் சிரிப்பார்கள். பிரியத்தில் சிரிக்கிறார்கள் என்று அவளும் சேர்ந்து சிரிப்பாள்.

ஒருநாள் டைரக்டர் கருணாகரன் ஆள் அனுப்பினார். மிஷன் ஆஸ்பத்திரி நர்சு வேஷம். அநாதைக் குழந்தையை எடுத்து வளர்க்கிறாள், பெற்றவள் திரும்பி வந்து கேட்கிறாள், நர்சு கெஞ்சுகிறாள். வசனம் இருந்தது. நாலு வரிதான், இருந்தாலும் வசனம்.

மறுநாள் கன்னியம்மா படியேறி வந்தபோது ஓதெத் முற்றத்தில் நின்று வசனம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"இன்னாக்கா, தனியா பேசிக்கினு கீறே? ஒடம்பு கிடம்பு சரியில்லியா?"

"படத்துல பேசப் போறேன் கன்னிம்மா. நானே பேசப் போறேன்."

கன்னியம்மா கூடையைக்கூட இறக்காமல் நின்றாள். "நெசமாவா? ஒங்கொரலு கேக்குமா?"

"கேக்கும்."

அன்றிலிருந்து மீன் ஆய்வது இரண்டாம் பட்சம் ஆகிவிட்டது. கன்னியம்மா பெற்றவளாக எதிரில் குந்திக்கொள்வாள். சங்கரா மீன்தான் குழந்தை. "குழந்தையை எடுத்துச் செல்லாதீர்கள்" என்று எழுதியிருந்ததைக் கேட்டு அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "பெத்த மாரி வளத்தவ வயிறு எரியச் சொல்றா, அவளுக்கு 'செல்லாதீர்கள்' ஒண்ணுதான் கொறச்சலா? 'தூக்கினு பூடாத தாயீ'ன்னு சொல்லுக்கா."

ஸ்டூடியோவில் அந்தக் குழந்தையை மார்போடு அணைத்ததும் ஓதெத் மேடையில் நின்ற காலத்துக்கே போய்விட்டாள். எழுதிய வசனம் எங்கே ஞாபகம் இருக்கும்? "தூக்கினு பூடாத தாயீ, இவன வுட்டா எனக்கு ஆரு கீறா?" என்று அடிவயிற்றிலிருந்து வந்தது. விளக்குப் பிடிப்பவன் முதலில் சிரித்தான். அப்புறம் செட்டே சிரித்தது. ஓதெத்துக்கு ஒன்றும் புரியவில்லை, குழந்தையை வைத்துக்கொண்டு நின்றாள். கருணாகரன் நல்ல மனுஷர்தான், சத்தம் போட்டு எல்லோரையும் அடக்கினார். "எழுதினபடியே ஒரு தடவை சொல்லிடுங்கம்மா. வாயசைவு சரியா இருந்தாப் போதும், மத்ததை நாங்க பாத்துக்கறோம்" என்றார். எழுதினபடியே சொன்னாள். பிரமாதம் என்றார். அவர் எதைப் பார்த்துக்கொள்ளப் போகிறார் என்று அவளுக்குக் கேட்கத் தோன்றவில்லை.

படம் திருவொற்றியூர் டெண்டுக் கொட்டகைக்கு வந்தபோது கன்னியம்மா குப்பத்துப் பெண்களையெல்லாம் திரட்டிவிட்டாள். பெண்கள் பக்கத்தில் மணலைக் குவித்து மேடாக்கி ஓடக்காவை உட்கார வைத்தார்கள். "எங்க அக்கா பேசப் போவுது, ஆரும் கொரலு காட்டக் கூடாது" என்று கன்னியம்மா சுற்றியிருந்தவர்களை மிரட்டி வைத்தாள். ஓதெத் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அந்தக் காட்சி வந்தது. திரையில் ஓதெத் வாயைத் திறந்தாள். யாரோ ஒரு சின்னப் பெண்ணின் குரல் வந்தது. வெல்லப்பாகு மாதிரி குரல், ழகரமும் ளகரமும் பிசகாத உச்சரிப்பு. "குழந்தையை எடுத்துச் செல்லாதீர்கள்" என்று அந்தப் பெண் அழகாக அழுதாள். ஓதெத்தின் வாய் அதற்கேற்ப அசைந்தது. கொட்டகை முழுக்க மூக்கைச் சிந்தும் சத்தம். அடப் பாவிகளா, இதற்குப் பேசாமல் ஒரு கோப்பையைக் கையில் கொடுத்து நிற்க வைத்திருக்கலாமே!

கன்னியம்மா திரையைப் பார்த்தாள், பக்கத்தில் இருந்தவளைப் பார்த்தாள், கையை மெதுவாக எடுத்துக்கொண்டாள்.

படம் விட்டதும் பெண்கள் ஓதெத்தைச் சூழ்ந்துகொண்டு கன்னத்தை வழித்துத் திருஷ்டி கழித்தார்கள். கன்னியம்மா மட்டும் தள்ளி நின்றாள். ரோட்டுக்கு வந்து மற்றவர்கள் முன்னால் போன பிறகுதான் வாயைத் திறந்தாள்.

"இத்தினி வருசமா எங்கூட அந்தக் கொரல்ல ஒரு வார்த்த பேசிக்கீறியா நீ?"

"அது என் கொரலு இல்ல கன்னிம்மா. வேற பொண்ண வெச்சுப் பேசிட்டாங்க. எனக்கே இப்பத்தான் தெரியும்."

"வாயி ஆரு வாயி?"

"என் வாயி."

"ஒன் வாயில இன்னொருத்தி எப்டி பூந்து பேசுவா? என்னிய இன்னா கேணச்சின்னு நெனச்சியா?"

ஓதெத் சினிமாவில் படம் வேறு, சத்தம் வேறு என்று தனக்குத் தெரிந்த தமிழில் விளக்கப் பார்த்தாள். வாய் அசைந்தால் அந்த வாய்க்காரியின் குரல்தான் வரும் என்று பிறந்தது முதல் பார்த்துவந்தவளிடம் அது எடுபடவில்லை.

"மேல பேசாத. படிச்சவங்க கணக்காப் பேசத் தெரிஞ்சிக்கினே எங்கிட்ட வந்து இன்னா, கீதுன்னு எங்க பாஷ பேசினே. நான் போனப்புறம் சிரிச்சிருப்பே. நான் லூசு, சங்கரா மீன வெச்சுக்கினு ஒனக்குப் பேசக் கத்துக்குடுத்தேன். நீ ஆக்டர்தானே, எங்கிட்டயும் ஆக்டு குடுத்துக்கினு இருந்துக்கீறே."

இந்தக் குற்றச்சாட்டை மறுக்க ஓதெத்திடம் என்ன சாட்சி இருக்கிறது? வாயைத் திறந்தால் அதுவும் நடிப்பு. ஆனாலும் வாயைத் திறந்தாள், வேறு வழி இல்லை.

"கன்னிம்மா, எனக்குத் தெரிஞ்ச தமிழு நீ குடுத்ததுதான். இந்த ஊர்ல எனக்குப் பேரு வெச்சதே நீதான். நாளைக்கு நீ வந்து அந்தக் கல்லுல குந்தலேன்னா நான் ஆருகூடப் பேசுவேன்? செவுத்துகூடப் பேசி பேசித்தான் ஒன்னாண்ட வந்தேன். என்னெத் திருப்பி அங்க அனுப்பாத."

குரல் உடையவில்லை. உயரவும் இல்லை. பாரிசிலும் சைகோனிலும் எந்த மேடையிலும் அவள் இப்படிப் பேசியதில்லை. கன்னியம்மா கடைசி வார்த்தை வரைக்கும் அசையாமல் கேட்டாள். கேட்டு முடித்து முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"இப்பக்கூட இன்னா ஷோக்கா நடிக்கிறீங்க" என்றாள். "நாளைக்கு மீன ஆஞ்சி எடுத்தாந்து வாசல்ல வெச்சிட்டுப் போறேம்மா. எனக்கு மேல ஏற நேரமில்ல."

கூட்டத்தோடு சேர்ந்துகொள்ள அவள் வேகமாக நடந்தாள். ஓதெத் தனியாக ராயபுரத்துக்கு நடந்தாள்.