ராஜசேகரன் பஸ்ஸில் கிடந்த புத்தகங்கள்

ஜொகூர் பாருவை அடுத்த பாசிர் கூடாங்கில் பிளாஸ்டிக் பெட்டி செய்யும் தொழிற்சாலை ஒன்றுக்கு ஆள் ஏற்றிப்போகும் பேருந்தில், காலை ஷிப்டுக்காரர்கள் ஏறும்போது ஒவ்வோர் இருக்கையிலும் ஒரு புத்தகம் கிடந்தது. யாரும் கொண்டுவந்து வைக்கவில்லை. எழுதியவர் பெயரோ அச்சடித்த ஊரோ எதிலும் இல்லை. தொட்டால், சற்று முன் அடுப்பிலிருந்து எடுத்த ரொட்டியைப் போல இளஞ்சூடாக இருந்தது. நேப்பாளத்து ஆள் உட்காரும் இடத்தில் நேப்பாளியிலும், வங்காளதேசத்து ஆள் உட்காரும் இடத்தில் வங்காளத்திலும், மற்றவர்களுக்கு மலாயிலும் தமிழிலும் இருந்தன. நிர்வாகம் ஒரு கேமரா பொருத்திப் பார்த்தது. ஒரு நொடி காலி இருக்கை, அடுத்த நொடி புத்தகத்தோடு இருக்கை, இடையில் ஒன்றுமில்லை. பஸ்ஸுக்குள் தின்றுவிட்டுக் குப்பை போடுவதற்கு இது எவ்வளவோ மேல் என்று முடிவு செய்து, கேமராவைக் கழற்றிக் கேன்டீனில் மாட்டினார்கள்.

கல்யாணப் பத்திரிகையைத் தவிர வேறெதையும் முழுசாகப் படித்திராதவர்களெல்லாம் படிக்கத் தொடங்கினார்கள். பேக்கிங் பிரிவு ஷாமளாவுக்கு முதலில் வந்தது பேய்க்கதை. பேய் கதவைத் தட்டும் இடத்தில் தொழிற்சாலை வந்துவிட்டதால் அன்று முழுக்க அவள் யாரோடும் பேசவில்லை. பேய்க்கதை முடிந்ததும் துப்பறியும் கதை வந்தது, அதற்குப் பிறகு கடலில் மூழ்கிச் சிப்பி எடுத்த ஒருத்தியின் வாழ்க்கை வரலாறு. அதைப் படித்துவிட்டு முப்பத்தெட்டு வயதில் அவள் நீச்சல் வகுப்பில் சேர்ந்தாள். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் வசந்தன், நடந்த கதையைத்தான் படிப்பேன், கட்டுக்கதையெல்லாம் பொம்பளைப் பிள்ளைகளுக்கு என்று சொல்லிக்கொண்டிருந்தவன். அவனுக்கு ஒரு மல்யுத்தக்காரரின் வரலாறும், ஆப்பிரிக்காவில் ரயில்பாதை போட்டவரின் வரலாறும் வந்தன. மூன்றாவதாக வந்தது காதல் கதை. நாளிதழில் அட்டை போட்டு மறைத்துப் படித்தான். முடித்ததும், இதே மாதிரி வேறு யாரிடமாவது இருக்கிறதா என்று இருக்கை இருக்கையாய்க் கேட்டுக்கொண்டு போனான்.

ஓட்டுநர் இருக்கையில் மட்டும் எதுவும் வருவதில்லை. ராஜசேகரன் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. செடெனாக் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்து, ஆறாம் வகுப்போடு பாடப்புத்தகத்தை மூடியவர். மனைவி புஷ்பவள்ளி சிறுநீரகக் கோளாறில் போய்ச் சேர்ந்தபின், அடுக்குமாடி வீட்டில் அவரும் தொலைக்காட்சியும்தான். பேச்சு கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து, கடைசியில் ஒரு நாளைக்கு ஐந்தாறு சொல்லோடு ஒழுங்காக வண்டி ஓட்டிக்கொண்டிருந்தார். பின்னால் நாற்பது பேர் பக்கம் புரட்டும் சத்தம், பனைமரத்தில் காற்று அடிப்பதுபோல் கேட்கும். அது அவருக்குப் பிடித்திருந்தது.

இரண்டு வருடம் கழித்து அவருக்கும் ஒன்று வந்தது. தடிமனான புத்தகம். அட்டையில் ‘யோகம்: ஒரு வாழ்க்கை வரலாறு’ என்றிருந்தது. அந்தப் பெயரில் அவருக்கு யாரையும் தெரியாது. ஆட்களை இறக்கிவிட்டு, தொழிற்சாலை வாசலில் ஷிப்டு முடியும்வரை நிற்கும் நேரத்தில், விரலை வரிக்கு வரி வைத்துப் படித்தார். யோகம் சிகாமட் ரயில்வே குவார்ட்டர்ஸில் பிறந்தவர். அப்பா யாழ்ப்பாணத்திலிருந்து வந்த ஸ்டேஷன் மாஸ்டர். நிச்சயமான மாப்பிள்ளை ஆஸ்திரேலியாவுக்குப் படிக்கப் போய், அங்கேயே வேறு குடும்பம் வைத்துக்கொண்டார். செய்தி வந்த அன்று யோகம் அழவில்லை, வீட்டு கேட்டுக்குப் பச்சைச் சாயம் அடித்தார். அதன்பின் நில அலுவலகத்தில் வரைபடப் பிரிவில் முப்பது வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றார். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அந்தப் பச்சைச் சாயப் பக்கத்தில் ராஜசேகரன் புத்தகத்தை மூடிவைத்துவிட்டார். முன்பின் தெரியாத ஒரு பெண்ணின் மனசை அனுமதியில்லாமல் பார்ப்பது அவருக்குக் கூச்சமாக இருந்தது. மறுநாள் மீண்டும் திறந்தார்.

புத்தகம் நிகழ்காலத்தைத் தொட்டதும் நிற்கவில்லை. தினமும் காலையில் இரண்டு பக்கம் கூடியிருந்தது. யோகம் முருங்கைக்கீரை வாங்கினார், பூனைக்குக் காய்ச்சல், ஜொகூர் பாருவில் பல் மருத்துவராக இருக்கும் தம்பி லக்ஷ்மன் போன் பண்ணவில்லை. இவற்றைத் தெரிந்துகொள்ளாமல் ராஜசேகரனால் நாளைத் தொடங்க முடியவில்லை. ‘யோகத்திற்குத் தலைவலி’ என்று வந்த நாளில் அவரும் மாத்திரை போட்டுக்கொண்டார். போய்ப் பார்க்கலாம் என்று ஒருமுறை தோன்றியது. யாரென்று சொல்லிக்கொண்டு போவது என்று விட்டுவிட்டார்.

அந்த ஆண்டு மழை ஒரு வாரமாக நிற்கவில்லை. சிகாமட் ஆறு கரையை மீறியது. எல்லாரும் நிவாரண மையமாக்கிய பள்ளிக்கூடத்துக்குப் போனார்கள். பூனையைக் காணோம், அது இல்லாமல் வரமாட்டேன் என்று யோகம் வீட்டிலேயே இருந்துவிட்டார். இதையெல்லாம் ராஜசேகரன் ஆட்களை இறக்கிவிட்டபின் வாசித்தார். கடைசிப் பத்தியில் ஈரம் காயாத எழுத்தில், போன் தண்ணீரில் விழுந்துவிட்டது, தண்ணீர் ஜன்னல் விளிம்புக்கு வந்துவிட்டது, அவர் வீட்டில் இருப்பது யாருக்கும் தெரியாது என்றிருந்தது.

தீயணைப்புத் துறைக்குப் போன் செய்தார். எல்லா லைனும் ஓயாமல் அடித்துக்கொண்டிருந்தன, யாரும் எடுக்கவில்லை. வண்டியைத் திருப்பினார். கூலாய் தாண்டி, தான் பிறந்த செடெனாக்கையும் தாண்டி, யோங் பெங்கில் நெடுஞ்சாலையை விட்டு இறங்கி, அடைமழையில் வடக்கே ஓட்டினார். கார்களெல்லாம் ஓரங்கட்டி நின்றன. நாற்பது இருக்கையிலும் படித்து முடிக்காத புத்தகம் இருந்த கனத்தால், சாலையில் ஓடிய வெள்ளம் பேருந்தை அசைக்க முடியவில்லை.

லாபிஸைத் தாண்டியதும் சாலையே இல்லை. லாரிகள் வரிசையாக நின்றன. ஒரு போலீஸ்காரர் கையை ஆட்டித் திரும்பிப் போகச் சொன்னார். ராஜசேகரன் இஞ்சினை நிறுத்தாமல் புத்தகத்தைத் திறந்தார். புதிதாக ஒரு பக்கம் இருந்தது. யோகம் சாப்பாட்டு மேசைமேல் நாற்காலி போட்டு உட்கார்ந்து, ஒரு மாதமாகத் தன் வாசல்படியில் வளர்ந்துவரும் ஒரு வாழ்க்கை வரலாற்றை வாசித்துக்கொண்டிருந்தார் என்று எழுதியிருந்தது. அது பாசிர் கூடாங்கில் பஸ் ஓட்டும் ஒருவருடையது. அவர் இப்போது லாபிஸுக்கு அப்பால் வழி தெரியாமல் நிற்கிறார். எண்ணெய்ப்பனைத் தோட்டத்துக்குள் மேட்டில் போகும் பழைய மண்சாலை அவருக்குத் தெரியாது. நில அலுவலக வரைபடங்களைப் பார்த்துப் பார்த்து யோகத்திற்குத் தெரியும். “ரெண்டு மைல் திரும்பிப் போய் இடப்பக்கம்,” என்று யோகம் காலி வீட்டில் சத்தமாகச் சொன்னார்.

ராஜசேகரன் அந்த வரியை இரண்டு முறை படித்தார். தன்னையும் ஒருவர் தினமும் படித்துக்கொண்டிருந்திருக்கிறார் என்பது மனசில் ஏறச் சற்று நேரமாயிற்று. சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டார். பிறகு வண்டியைத் திருப்பி, இரண்டு மைல் போய், இடப்பக்கம் திரும்பினார்.

ஊர் எல்லையில் போம்பா எனும் தீயணைப்புத் துறையின் படகு ஒன்று நின்றது. யோகம் வீட்டிலேயே இருப்பதாக ராஜசேகரன் சொன்னதும், பொறுப்பில் இருந்த மலாய் அதிகாரி, அந்த வீட்டு வரிசையில் எல்லாரும் வெளியேறிவிட்டார்கள், உமக்கு எப்படித் தெரியும் என்று கேட்டார். புத்தகத்தில் இருக்கிறது என்றார் ராஜசேகரன். அதிகாரி பக்கத்தைப் பார்த்தார். தமிழ் தெரியாவிட்டாலும் எழுத்தில் ஈரம் தெரிந்தது. ஏறச் சொன்னார்.

பச்சை கேட்டின் தலை மட்டும் தண்ணீருக்கு மேலே இருந்தது. ஜன்னல் வழியே பார்த்தபோது, மேசைமேல் நாற்காலி, நாற்காலியில் யோகம், மடியில் புத்தகம், தோளில் பூனை. மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து அவர் சொன்னார்:

“வாங்கோ ராஜசேகரன். நீங்கள் இடப்பக்கம் திரும்பினதை வாசிச்ச பிறகுதான் எனக்கு மூச்சு வந்தது.”

“பூனை கிடைச்சிருச்சுங்களா?”

“அலுமாரிக்கு மேல படுத்திருந்தது. அதை நீங்கள் இன்னும் வாசிக்கேல்லையோ?”

“ரோட்டைப் பாத்து ஓட்டினேம்மா. படிக்க முடியல.”

படகில் அவரைக் கைபிடித்து ஏற்றி உட்காரவைத்தார்கள். ஒருவரைப் பற்றி ஒருவருக்கு எல்லாம் தெரிந்திருந்ததால் இருவருக்கும் பேச ஒன்றும் இருக்கவில்லை. பாதி தூரம் போனதும் யோகம்தான் தொடங்கினார்.

“உங்கட மனுசி போய் அஞ்சு வருசமாச்சு. இன்னும் ரெண்டு பேருக்குத்தான் சோறு வடிக்கிறீங்கள்.”

“ஒரு ஆளுக்கு அளவு தெரியலம்மா,” என்றார் ராஜசேகரன். பிறகு, “அந்த ஆஸ்திரேலியாக்காரரு...” என்று இழுத்தார்.

“அது சின்ன அத்தியாயம்,” என்றார் யோகம்.

ராஜசேகரன் பாசிர் கூடாங் திரும்பியபோது இருட்டிவிட்டது. காலை ஷிப்டு ஆட்கள் மழையில் காத்திருந்து, கிடைத்த வண்டியில் வீடு போய்ச் சேர்ந்திருந்தார்கள். மறுநாள் ஷாமளா ஏறும்போதே, “ஒரு மெசேஜ் போட்டிருக்கலாம்லா அண்ணே, எம்பிள்ள அழுதுகிட்டு இருந்துச்சி,” என்றாள். அவர் மன்னிப்புக் கேட்டார். அவள் போய் உட்கார்ந்து புத்தகத்தைத் திறந்தாள். ஒரு ஓட்டுநர் வெள்ளத்தில் பஸ்ஸைத் திருப்பி, முன்பின் பார்த்திராத ஒரு பெண்ணைத் தேடிப்போகும் காதல் கதை. வசந்தன் இருக்கையில் அதே சம்பவம், காணாமல்போன ஒரு பேருந்தைப் பற்றிய துப்பறியும் கதையாக இருந்தது. நேப்பாளத்துக்காரருக்கு அது கப்பல் பயணமாக வந்தது, மலைநாட்டில் பிறந்த அவர் கடலின் நீளத்தைக் கண்டு வியந்தார். அன்று பஸ்ஸில் ஒரே பேச்சு. என்னுடையதில் இப்படி, உன்னுடையதில் எப்படி என்று ஆளுக்காள் கேட்டுக்கொண்டார்கள். மேலாளர் ராஜசேகரனைக் கூப்பிட்டு எச்சரிக்கைக் கடிதம் கொடுத்தார். கொடுத்துவிட்டு, அந்தப் பெண்மணி பிழைத்துவிட்டாரா என்று குரலைத் தாழ்த்திக் கேட்டார். மேலாளர் கைக்குக் கிடைத்தது பேய்க்கதை, அதில் பேருந்து திரும்பி வரவேயில்லை.

யோகத்தின் வரலாறு ‘படகு கரை சேர்ந்தது’ என்ற வரியோடு நின்றுவிட்டது. ராஜசேகரன் ஒரு வாரம் காத்துப்பார்த்தார், ஒரு எழுத்தும் கூடவில்லை. பூனை எப்படி இருக்கிறது, சேறு கழுவியாயிற்றா, தலைவலி உண்டா, எதுவும் தெரியவில்லை. கடைசியில், தங்கப்போவதாகப் படகில் அவர் சொல்லியிருந்த தம்பி வீட்டு எண்ணுக்குப் போன் செய்தார்.

“உங்கடையும் நிண்டுபோச்சு,” என்றார் யோகம். “இனி நீங்கள்தான் சொல்லவேணும். இண்டைக்கு என்ன நடந்தது?”

ராஜசேகரன் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். “மழை,” என்றார். “பெறகு வெயிலு.”

“பிறகு?”

இப்படித்தான் தொடங்கியது. முதல் மாதம் இரண்டு வரி, மூன்றாம் மாதம் இரண்டு பக்கம் அளவுக்குப் பேச்சு வந்தது. அடுத்த வருடம் ஜொகூர் பாருவில் கல்யாணத்தைப் பதிவு செய்துகொண்டார்கள். சாட்சிக் கையெழுத்துப் போட வந்த லக்ஷ்மன், பஸ் ஓட்டுபவரை அக்காவுக்கு எப்படிப் பழக்கம் என்று கேட்டார். வாசித்துப் பழக்கம் என்றார் யோகம். இருவரும் ஏதோ வாசகர் வட்டத்தில் இருந்திருக்கிறார்கள் என்று எடுத்துக்கொண்டு, லக்ஷ்மன் எல்லாருக்கும் விருந்து வைத்தார்.

தொழிற்சாலை பேருந்தை மாற்றியது. புதியதிலும் புத்தகங்கள் வந்தன. சுத்தம் செய்பவர்கள் ஈரத்துணியால் அட்டையைத் துடைத்துத் திரும்ப வைக்கப் பழகிக்கொண்டார்கள். சில நாள் யோகமும் கூடப்போய் முன் இருக்கையில் உட்காருவார். அவருக்கு எப்போதும் கொலைக்கதைதான், கொலைகாரனை முதலிலேயே கண்டுபிடித்துவிட்டு மீதியைச் சமாதானமாகப் படிப்பார். வாழ்க்கை வரலாறு மட்டும் இருவருக்கும் அதன்பின் வரவில்லை. ராஜசேகரன் அன்றன்று நடந்ததைச் சாப்பிடும்போது வாயால் சொன்னார். சில நாள் கொஞ்சம் கூட்டியும் சொன்னார். கூட்டுகிறார் என்று தெரிந்தே யோகம் கேட்டுக்கொண்டிருந்தார். அவர் நிறுத்தும் இடத்தில், “பிறகு?” என்றார்.