சாவி எந்த ஊருடையது

"அப்பா, கெட்டவங்க வந்து கேட்டாலும் அந்தக் காரைக் குடுப்பாங்களா?" என்று டெஸ் ஒருமுறை கேட்டாள். அப்போது அவள் சின்னப் பெண். எம்மெட் யோசித்துப் பார்த்துவிட்டு, "யாரு என்னன்னு கேக்கவே மாட்டாங்கம்மா" என்றான்.

அமெரிக்காவின் கான்சஸ் சமவெளியில், கவுண்டி எனும் உள்ளூர் நிர்வாகம் நடத்தும் சின்ன விமான நிலையங்களில் அதுதான் வழக்கம். ஒற்றை ஓடுபாதை, நாலைந்து கொட்டகைகள், அலுவலக அறையில் ஆறிப்போன காப்பி, வாசலில் ஒரு கிழட்டுக் கார். வந்திறங்கும் விமானி, ஆணியில் தொங்கும் சாவியை எடுத்துக்கொண்டு ஊருக்குள் போய்ச் சாப்பிட்டு வரலாம். வாடகை கிடையாது. பெட்ரோலை நிரப்பிவிட்டு, சாவியைத் திரும்ப ஆணியில் மாட்டிவிட்டால் போதும்.

எம்மெட்டின் பிழைப்பே இந்த நிலையங்களை நம்பித்தான் ஓடியது. மண்ணுக்கடியில் போகும் எண்ணெய்க் குழாய்களின் மேலே சின்ன விமானத்தில் தாழப் பறந்து, எங்காவது கசிகிறதா, யாராவது தோண்டுகிறார்களா என்று பார்த்துக்கொண்டே போவது அவன் வேலை. பசிக்கும் இடத்தில் இறங்குவான். அந்த ஊர்க் காரை எடுப்பான்.

ஒரு சனிக்கிழமை, துவைக்கப் போடுமுன் சட்டைப் பையைத் துழாவினான். கார் சாவி ஒன்று வந்தது. அவனுடையதல்ல.

அடையாளச் சீட்டு இல்லை. பற்கள் தேய்ந்திருந்தன. துளையில் சிவப்புக் கம்பளி நூல் ஒன்று முடிந்திருந்தது. எந்த ஊர்? பீச் பழ அப்பம் தின்ற ஊரா, மழைக்குப் பயந்து அவசரமாகக் கிளம்பிய ஊரா? சாவியை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தான், முகர்ந்துகூடப் பார்த்தான். எங்கோ ஒரு கார் அசையாமல் நிற்கிறது. அவசரமாக வந்த யாரோ வெறும் ஆணியைப் பார்த்துத் திகைத்திருப்பார்கள். அந்த நினைப்பு அவனை உட்காரவிடவில்லை.

"கெட்டவங்க யாருன்னு இப்பத் தெரிஞ்சுபோச்சுப்பா" என்றாள் டெஸ். இப்போது அவள் உயர்நிலைப் பள்ளி மாணவி. வாய் நீளம்.

ஒவ்வொரு நிலையமாகப் போனில் கூப்பிட்டான். ஓரிடத்தில், "எங்க சாவி பத்திரமா இருக்கு. காரைத்தான் காணோம். அது உங்க பையில இருக்கான்னு பாருங்க" என்றார்கள்.

டென்பி கவுண்டி நிலையத்தில் மெக்கானிக் கிளெட்டஸ் எடுத்தான்.

"சிவப்பு நூலா? இங்க நிலையத்தப் பாத்துக்கிற ஆர்டிஸ் கட்டுனதுதான். வாங்க, சாவித் திருடரே!"

"மன்னிச்சுக்கப்பா. மாத்துச் சாவி இருக்குமே?"

"அது போன வருஷமே இன்னொருத்தரோட பறந்துபோச்சு."

எம்மெட் தயங்கினான். "எனக்கப்புறம் யாராச்சும் வந்தாங்களா?"

கிளெட்டஸின் குரலில் இருந்த கேலி மறைந்தது. "ஒரு அம்மா வந்தாங்க. தம்பிக்கு ஆஸ்பத்திரில இருதய ஆபரேஷன். கார் நிக்குது, சாவி இல்ல. பாவம், அழுதுட்டாங்க. ஆர்டிஸ் தன் வண்டியக் குடுத்து அனுப்பிட்டா."

"நேரத்துக்குப் போனாங்களா?"

"போனாங்க. தம்பி கையப் பிடிச்சு ரெண்டு வார்த்தை பேசினப்புறம்தான் உள்ள கொண்டுபோனாங்களாம். பொழைச்சுக்கிட்டாரு."

எம்மெட் மூச்சு விட்டான். "வண்டியக் குடுத்துட்டு ஆர்டிஸ் எப்படி வீட்டுக்குப் போனாங்க?"

"நடந்துதான். நான் அன்னிக்கு லீவு. மழைச் சேத்துல வழுக்கி, அவளுக்குக் கணுக்கால் பிசகிருச்சு. கடைசியா காரை எடுத்தது நீங்கதான்னு அவளுக்குத் தெரியும், உங்களக் கூப்பிட்டுச் சொல்லலாம்னேன். 'வேணாம், மனுஷன் நொந்துபோவாரு'ன்னுட்டா. நான் சொன்னதாக் காட்டிக்காதீங்க."

"இப்ப எப்படி இருக்காங்க?"

"நொண்டிக்கிட்டே வர்றா. ஓடுபாதை விளக்குங்களச் சுத்திப் புல்லு மண்டிக் கிடக்கு. புல்வெட்டுற வண்டி கிட்டப் போனா கண்ணாடி ஒடையும், கையாலதான் வெட்டணும். அவ வேலை அது. முட்டி போட முடியலியே. என்னையும் செய்யவிட மாட்டேங்கிறா. நீங்க சாவியத் தபால்ல போட்டுடுங்க, போதும்."

மறுநாள் ஞாயிறு. டென்பி ஊரே தேவாலயத்தில் இருக்கும் நேரம் பார்த்து எம்மெட் இறங்கினான். அலுவலகக் கதவை அங்கே பூட்டுவதில்லை. சாவியை ஆணியில் மாட்டினான். பிறகு விமானத்திலிருந்து புல் கத்தரியையும் கையுறையையும் எடுத்துக்கொண்டு ஓடுபாதை ஓரமாக நடந்தான்.

முதல் விளக்கின் முன் மண்டியிட்டான். பனி ஈரம் கால்சட்டையில் ஏறியது. புல்லை அடியோடு ஒட்டி வெட்டி, கண்ணாடியில் தெறித்திருந்த சேற்றைக் கைக்குட்டையால் துடைத்தான். எழுந்து அடுத்ததற்குப் போனான், மறுபடி மண்டியிட்டான். அன்று அவன் தேவாலயத்துக்குப் போகவில்லை. ஆனால் அங்கே உட்கார்ந்திருந்த பலரைவிட அதிகம் மண்டியிட்டவன் அவனாகத்தான் இருக்கும். அந்த அம்மாவின் தம்பி நினைவுக்கு வந்தபோது அவருக்காக ஒரு வார்த்தை வேண்டிக்கொண்டான். அவர் பெயர் தெரியாது. கடவுளுக்குத் தெரியுமே.

கடைசி விளக்கையும் முடித்து, வெட்டிய புல்லை வாரி வேலிக்கு அப்பால் கொட்டினான். கோதுமை வயல்மேல் தெற்குக் காற்று வீசிக்கொண்டிருந்தது. விமானத்தைக் காற்றுக்கு எதிராகத் திருப்பி நிறுத்தி, கேட்க யாருமில்லாத நிலையத்துக்கு வானொலியில் தான் கிளம்புவதை முறைப்படி அறிவித்துவிட்டு, எம்மெட் மேலேறினான்.