தகரப் பெட்டிக்குள் போன ஆட்டம்

எம்மெட் வேடிக்கையாகப் பேசிக்கொண்டே ஆடுவான்; அவன் மனைவி மேவ் நாற்காலியில் உட்கார்ந்து அவனைக் கிண்டலடித்து வாரிக்கொண்டே இருப்பாள். அந்த ஒரே ஆட்டத்தை வைத்துப் பென்சில்வேனியாவின் நிலக்கரி ஊர்களில் இருவரும் வெகுகாலம் பிழைத்தார்கள்.

பேசும் படம் வந்த புதிதில், புரூக்லினில் ஒரு ஸ்டூடியோக்காரர் அதைப் படம்பிடிக்கக் கூப்பிட்டார். ஒலிவாங்கி இருப்பதால் யாரும் சிரிக்கக் கூடாது என்று கட்டளை. சிரிப்புக்காக நின்று நின்றே பழகிய எம்மெட், அந்த மௌனத்தில் எங்கே நிறுத்துவதென்று தெரியாமல் திணறினான். ஆனாலும் படம் ஊர் ஊராக ஓடியது. அதுவே வினையாயிற்று.

அடுத்த குளிர்காலம் அல்டூனாவில் மேடையேறினார்கள். மேவ் வாயைத் திறக்குமுன் மாடி வரிசையிலிருந்து எவனோ அவள் வசனத்தைச் சொன்னான். கொட்டகை சிரிப்பில் அதிர்ந்தது. எம்மெட் புதிதாக எதையோ சேர்த்துப் பார்த்தான், ஒருவரும் அசையவில்லை. ஆட்டம் முடிந்ததும் மானேஜர் தயங்கித் தயங்கி வந்தார்.

"தகரப் பொட்டில படமா வர்ற எம்மெட்டுக்கு ரயில் லேட்டாகாது, ஜலதோஷம் பிடிக்காது. நான் என்னப்பா பண்ணட்டும்?"

மேடை வாய்ப்பு போய், ஸ்க்ரான்டனில் எம்மெட்டின் அக்கா வீட்டில் ஒண்டினார்கள். மதுவிலக்குக் காலம். போதைக்காக, மருந்து என்ற பேரில் கடையில் விற்ற, சாராயம் கலந்த இஞ்சிச் சாறை எம்மெட் குடிக்க ஆரம்பித்தான். அந்த வருஷம் யாரோ அதில் விஷத்தைக் கலந்து விற்றிருந்தார்கள். ஒரு நாள் காலை கட்டிலை விட்டு இறங்கியவன் அப்படியே சரிந்தான். பாதங்கள் இரண்டும் ஈரத்துணி போலத் தொங்கின. இனி தேறாது என்றார் டாக்டர்.

வசந்தத்தில் ஒரு கூடார நாடகக் குழு மேவைக் கேட்டது. பேசும் படம் இன்னும் எட்டிப் பார்க்காத தெற்குக் கிராமங்களுக்குப் போகிறவர்கள். அங்கே ஓர் ஆட்டக்காரனுக்கு ஜோடி வேண்டும். எம்மெட்டின் கால்களுக்கு எண்ணெய் தேய்க்கும்போதுதான் அவள் அதைச் சொன்னாள்.

"எப்படி ஆடுவான்?" என்று கேட்டான்.

"சுமாரா."

"பொய் சொல்லாதே."

"நல்லாவே ஆடறான்."

எம்மெட் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தான். "நம்ம வசனத்தை மட்டும் அவனுக்குக் கொடுத்துடாதே."

"அதான் பாதி நாட்டுக்குத் தெரியுமே."

சொல்லியிருக்க வேண்டாம் என்று அவளுக்கு உடனே பட்டது. ஆனால் எம்மெட் சிரித்தான். பல மாதங்களுக்குப் பிறகு வந்த சிரிப்பு. அது எப்போது அழுகையானது என்று தெரியவில்லை. அவள் எண்ணெய் தேய்ப்பதை நிறுத்தவில்லை. கொடுக்க மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தாள்.

முதல் இரண்டு ஊர்களில் கூடாரம் கைதட்டவில்லை. குழுத் தலைவர் பெட்டியைக் கட்டச் சொல்லிவிடுவார் போலிருந்தது. மூன்றாவது ஊரில் மேவ் புதியவனைப் பக்கத்தில் உட்காரவைத்து, எம்மெட்டின் வசனத்தை முதல் வரியிலிருந்து சொல்லிக்கொடுத்தாள்.