நெல்லளவு

கஞ்சிக்கு உப்புப் போட்டோமா என்று பொன்மணிக்குச் சந்தேகம் வந்தது. கரண்டியால் ஒரு சொட்டு எடுத்து உள்ளங்கையில் விட்டு நக்கிப் பார்த்தாள். போட்டிருந்தது. கிண்ணம் மாற்றிக் கிண்ணம் ஊற்றி ஆற்றிக்கொண்டே உள்ளறைக்குக் குரல் கொடுத்தாள்.

"ஊறுகா வேணுமா, வெறுங்கஞ்சியாக் குடிக்கீகளா?"

அவள் புருஷன் முனியராஜ் இரண்டு மாதமாகவே மூச்சைச் சேர்த்து வைத்துக்கொண்டுதான் பேசுவார். நுரையீரலில் இனிச் செய்வதற்கு ஒன்றுமில்லை என்று மதுரையில் சொல்லி அனுப்பிவிட்டார்கள். பொன்மணி கிண்ணத்தோடு எழுந்து போனாள். அறை வாசலில், நிலைக்கட்டையில் அறைந்திருந்த செம்புத் தகட்டை அவள் வலது கை போகிற போக்கில் தொட்டது.

பதினேழு வருஷப் பழக்கம். நாரணாபுரத்துப் பட்டாசுக் கம்பெனியில் எந்த அறைக்குள் நுழைந்தாலும் முதலில் வாசல் தகட்டைத் தொட வேண்டும். உடம்பில் ஏறியிருக்கிற மின்சாரம் கம்பி வழியே மண்ணுக்குள் இறங்கிவிடும். இல்லாவிட்டால் ஒரு பொறி போதும். அவள் திரி வைக்கிறவள், அவர் அங்கே போர்மேன். யோசித்துக்கொண்டு யாரும் தொடுவதில்லை. கை தானாகப் போகும்.

வீட்டுத் தகட்டின் கம்பி மண்ணுக்குப் போகவில்லை. முனியராஜ் ஆறு வருஷம் எதையெதையோ காய்ச்சிப் பூசிச் செய்த தகடு அது. அதிலிருந்து ஒரு கம்பி, அறை நடுவே முக்காலியில் இருந்த கண்ணாடி ஜாடிக்குப் போனது. ஜாடிக்குள் கொத்தனார் தூக்குக்குண்டு ஒன்று நூலில் தொங்கியது. உயிருள்ள எது தகட்டில் பட்டாலும், கோழியோ கத்தரிச் செடியோ, குண்டு ஒரு நெல்லளவு சாயும். எடுத்துவிட்டால் கால் மணி நேரத்தில் மெல்ல நேராகிவிடும். செத்த கோழிக்கு அசையாது. எந்தப் பக்கம் நின்று பார்த்தாலும் பார்க்கிறவரை விட்டு அப்பால்தான் சாயும். அவரும் அவளும் எதிரெதிரே நின்றுகூடப் பார்த்திருக்கிறார்கள். இருவருக்கும் அப்பால்தான்.

"மேல கீழ, கிழக்க மேக்க, வடக்க தெக்க. இந்த மூணுதான் நமக்குத் தெரியும். நாலாவதா ஒண்ணு இருக்கு புள்ள. உசுருக்கு மட்டும் அங்கிட்டு ஒரு வேரு ஓடுது," என்பார்.

"திருத்தங்கலுக்கு ஒரு பஸ்ஸு ஒழுங்கா வரல. இவுக நாலாவது பக்கத்துக்குப் போறாக."

போன வாரம் அவர் தகட்டிலிருந்து இன்னொரு கம்பி இழுத்துத் தன் மணிக்கட்டில் சுற்றச் சொன்னபோது அவள் கேலி செய்யவில்லை.

"உசுரு போனதும் குண்டையே பாரு. நேராகுதா, சாஞ்சே நிக்கிதான்னு எனக்குச் சொல்லணும். சாஞ்சே நின்னா வேரு அறலன்னு அர்த்தம்."

"உங்களுக்கு எங்கன வந்து சொல்ல?"

"இங்கனதான். கொஞ்சம் சத்தமாச் சொல்லு." சிரிக்கப் போய் வெகுநேரம் இருமினார்.

அந்த ஒரு வேலையைத்தான் அவர் அவளிடம் கொடுத்திருந்தார். அவள் உப்புப் பார்த்துக்கொண்டிருந்தபோது அவர் போய்விட்டிருந்தார். கண் பாதி திறந்து ஜாடிப் பக்கமே இருந்தது. குண்டு சாய்ந்துதான் நின்றது. ஆனால் வாசலிலேயே நின்றுவிட்ட அவள் கை இன்னும் தகட்டின் மேல் இருந்தது.

2005 ஆவணி. தீபாவளி ஆர்டருக்குக் கம்பெனி ஓடிக்கொண்டிருந்த நேரம். சேதி போனதும் மதியத்தோடு வேலையை நிறுத்திவிட்டு, கையில் ஒட்டியிருந்த வெள்ளி மருந்துப் பொடியைக் கழுவாமலே வேனில் வந்து இறங்கினார்கள். முதலில் வந்தது பொன்மணிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து திரி வைக்கிற ராமுத்தாய். வாசலில் தகட்டைத் தொட்டாள், உள்ளே வந்தாள், பொன்மணியைக் கட்டிக்கொண்டு அழுதாள். அடுத்தவள் வந்தாள். அவளும் தொட்டுவிட்டுத்தான் அழுதாள். அப்புறம் வரிசையாக. தகடு முழுக்க வெள்ளி விரல்கள்.

பொன்மணி அழுகைக்கு நடுவே வாசலையும் ஜாடியையும் மாறி மாறிப் பார்த்தாள். கால் மணி நேரம் சும்மா விட மாட்டேனென்கிறார்களே.

"ஏ, அந்தத் தகட்டத் தொடாம வாங்களேன்."

"எந்தத் தகடு?" என்றாள் ராமுத்தாய்.

"நீ தொட்டுட்டு வந்தியே."

"நான் எங்கக்கா தொட்டேன்?" அவள் தன் கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டாள்.

பொன்மணியின் அண்ணன் ஒச்சப்பன், லோடு ஏற்றுகிறவர், வாசலில் நின்று சொன்னார்: "சீசன் கை. எழவு வீடுன்னு அதுக்குத் தெரியுமா?" சொல்லிவிட்டு அவரும் தொட்டுக்கொண்டே உள்ளே வந்தார்.

குளிப்பாட்ட எடுக்கும்போது கம்பியைக் கண்டார். "உடம்புல ஒண்ணும் இருக்கக் கூடாது தங்கச்சி. அரணாக்கயிறே அறுத்தாச்சு." கத்தரிக்கோலை நீட்டினார்.

"அறுக்க வேணாம்ணே. நான் அவுக்கேன்."

ஒவ்வொரு சுற்றாக அவிழ்த்தாள். ஏழு சுற்று. மணிக்கட்டில் பதிந்திருந்த வரிகளைக் கட்டைவிரலால் தேய்த்துவிட்டாள். அவை மறையவில்லை.

நாலு மணிக்குத் தூக்கினார்கள். வீட்டைக் கழுவி, தலைமாட்டு இடத்தில் விளக்கேற்றிவிட்டுப் பெண்கள் குழாயடிக்குக் குளிக்கப் போனார்கள். பொன்மணி முதல் ஆளாய்த் தலையில் ரெண்டு குடம் ஊற்றிக்கொண்டு வந்து, இரண்டு கையையும் ஈர முந்தானைக்குள் சுற்றிக்கொண்டு அறைக்குள் நுழைந்தாள். கம்பியில் யாருமில்லை, தகட்டில் யாருமில்லை. சுவரோரம் உட்கார்ந்தாள். திருத்தங்கல் பஸ் ஒன்று போனது. வெகுநேரம் கழித்து இன்னொன்று போனது. வேலை நின்றிருந்தாலும் கம்பெனியின் ஐந்து மணிச் சங்கு ஊதியது.

எழுந்து முக்காலியை ஒரு சுற்றுச் சுற்றி வந்தாள். மறுபடியும் சுற்றினாள், எதிர்ப்பக்கமாக.

"சாஞ்சுதான் நிக்கிது," என்றாள். பிறகு நினைவு வந்து, கொஞ்சம் சத்தமாக இன்னொரு தரம் சொன்னாள்.

"யாருகிட்டக்கா பேசுதீக?" வெளியே இருந்து ராமுத்தாய் கேட்டாள்.

"வெளக்குக்கு எண்ணெ எடுத்துட்டு வா."

பதினாறு முடிந்து அவள் வேலைக்குக் கிளம்பிய அன்று தகட்டில் வெள்ளி விரல்கள் அப்படியே இருந்தன. கையைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்று எட்டிப் பார்த்தாள். குண்டு அப்பால் சாய்ந்திருந்தது, ஒரு நெல்லளவு.