ஓமனாவின் நைட்டி

காலையில் பறவைக்குத் தீனி வைக்கப் போகும்போது தாணு செத்துப்போன பெண்டாட்டியின் நைட்டியைப் போட்டுக்கொள்வார். கேட்பவர்களுக்குச் சிரிப்பு வரும். அந்தப் பறவையிடம் ஒரு உதை வாங்கியவர்களுக்கு வராது.

பறவை என்றால் ஈமு. ஆள் உயரம் நிற்கும். கீரிப்பாறைக்குப் போகிற வழியில், தாணுவின் வீட்டுக்குப் பின்னால் கம்பி வேலிக்குள் பதிமூன்று வருஷமாக உலாத்திக்கொண்டிருக்கிறது. ஈமு வளர்த்தால் அடுத்த வருஷமே மாடி வீடு என்று ஊரெல்லாம் விளம்பரம் பண்ணிய காலத்தில் ஓமனா ஆசைப்பட்டு வாங்கிய இரண்டு குஞ்சுகளில் மிஞ்சியது இது ஒன்றுதான். விற்றவன் போன திசை தெரியவில்லை. வாங்கியவர்களில் பாதிப்பேர் கறி வைத்துத் தின்றார்கள், மீதிப்பேர் சத்தம் காட்டாமல் காட்டோரம் விட்டுவிட்டு வந்தார்கள். ஓமனா மட்டும் பப்பாளிப் பழம் நறுக்கிப் போட்டு வளர்த்தாள்.

தாணுவுக்கு அப்போது ரப்பர் தோட்டத்தில் பால்வெட்டு. விடியுமுன்னே கத்தியோடு மலையேறினால் மத்தியானம்தான் இறங்குவார். வந்து பார்த்தால் ஓமனா நைட்டிக்கு மேல் ஒரு துவர்த்துத் துண்டைப் போட்டுக்கொண்டு வேலிக்குள் உட்கார்ந்து தேங்காய் துருவிக்கொண்டிருப்பாள். பறவை அவள் தோளுக்கு மேலே கழுத்தை நீட்டித் துருவலைக் கொத்தும். அவள் திட்டுவாள், அது கேட்காது. மறுபடி திட்டுவாள். வேலிக்கு வெளியே துவர்த்தால் முகத்தைத் துடைத்துக்கொண்டு நின்று பார்த்த அந்த மத்தியானங்கள்தான் தன் ஆயுசிலேயே நல்ல மத்தியானங்கள் என்று இப்போது தாணுவுக்குத் தோன்றுகிறது. அப்போது தோன்றியதெல்லாம் பசிதான்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு சாயங்காலம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்த ஓமனா எழுந்திருக்கவில்லை. மூன்றாம் நாள் பறவை பட்டினி கிடக்கிறதே என்று சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு தாணு உள்ளே போனார். ஈமு மாட்டைப் போலப் பின்னால் உதைக்காது. காலைத் தூக்கி எதிரே நிற்பவனின் மேல் முன்னால் இறக்கும். மூன்று விரல், மூன்றிலும் பால்வெட்டுக் கத்தி போல நகம். தொடையில் பதினொரு தையல். ஒரு சாண் மேலே பட்டிருந்தால் குடலை அள்ளிக்கொண்டுதான் வந்திருக்க வேண்டும் என்றார் டாக்டர். காட்டிலே பிறந்தது மனுஷனைக் கண்டால் விலகிப் போகும். கையிலே வளர்ந்ததற்கு அந்தப் பயமே கிடையாது, அதுதான் கெடுதல். அடுத்த மாதம் பக்கத்து வீட்டு முருகதாஸ் விழுந்த தேங்காயை எடுக்க வேலிக்குள் போய் ஒரு விலா எலும்பை விட்டுவிட்டு வந்தான்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் மகள் இந்துஜா அம்மாவின் துணிகளை எல்லாம் எடுத்துக் கொடுத்துவிட்டிருந்தாள். வேலித் தூணில் ஆணியில் கிடந்த நைட்டி ஒன்று அவள் கண்ணுக்குத் தப்பியது. வேலிக்கு மேலே எறிந்த தீனியைப் பறவை சரியாகத் தொடவில்லை. வேறு வழி தோன்றாமல் ஒருநாள் தாணு அதைத் தலைவழியே மாட்டி, துவர்த்தைத் தோளில் போட்டுக்கொண்டு போனார். பறவை காலைத் தூக்கவில்லை. பக்கத்தில் வந்து தோளுக்கு மேலே கழுத்தை நீட்டியது. தாணு அழுதார், ஆனால் சத்தமில்லாமல். அவர் குரலைக் கேட்டால் அது காலைத் தூக்கிவிடும். இரண்டு வருஷமாக வேலிக்குள் அவர் ஒரு வார்த்தை பேசியதில்லை. முருகதாஸ் மட்டும் ஓமனாக்கா சுகமா என்று கேட்டுக் கேட்டு மானத்தை வாங்கினான்.

இந்துஜாவுக்கு நாகர்கோவிலுக்கு வேலை மாறியது. இரண்டரை வயது மகள் நந்தனாவோடு அப்பா வீட்டுக்கே குடிவந்தாள். வந்த நாலாம் நாள் பிள்ளை கம்பிக்குள்ளே கையை விட்டுக்கொண்டு நிற்பதைத் தாணுதான் பார்த்தார். தூக்கிக்கொண்டு வீட்டுக்குள் வந்து கதவைத் தாழ் போட்டார். மகள் கேட்குமுன்னே திருவனந்தபுரம் பக்கம் ஒரு பறவைப் பண்ணைக்கு அவரே போன் பண்ணினார்.

பண்ணையிலிருந்து இரண்டு பேரோடு டெம்போவில் வந்தவன் ஆன்றோ. வேலி வாசலை அடைத்து டெம்போவை நிறுத்தி வலை வீசினார்கள், சாக்கை விரித்தார்கள். பறவை டெம்போக் கதவை நசுக்கிவிட்டு மூலையில் போய் நின்றது. தெருவில் பாதிப்பேர் கூடிவிட்டார்கள்.  தாணு வீட்டுக்குள் போய், விடியற்காலையில் மகளுக்குத் தெரியாமல் போட்டுக் கழற்றும் அந்த நைட்டியைப் பட்டப்பகலில் போட்டுக்கொண்டு வந்தார். யாரோ சிரிக்க ஆரம்பித்து நிறுத்தினார்கள். முருகதாஸ்கூட ஒதுங்கி வழி விட்டான். இந்துஜா அப்பாவைப் பார்த்தாள், பார்த்துக்கொண்டே நின்றாள். அவர் பலகை வழியே டெம்போவில் ஏறினார். பறவை பின்னாலேயே ஏறியது. டெம்போவின் பக்கப் பலகையைத் தாண்டி அவர் குதித்ததும் கதவை அடைத்தார்கள்.

ஆன்றோ அருகில் வந்தான். "மாமா, ஒண்ணு கேப்பேன், வருத்தப்படப்பிடாது. அந்த நைட்டியையும் தந்திருங்க. அங்க தீனி வைக்கது ஜாஸ்மின்னு ஒரு பிள்ளை. இது இல்லாம அவ உள்ள கேறினா கொன்னு போடும்."

பறவையைக் கொடுக்கத் துணிந்த மனசு இங்கே முரண்டு பிடித்தது. ஓமனா உடுத்தியதில் உலகத்தில் மிச்சம் இது ஒன்றுதான். தரமாட்டேன் என்று சொல்ல வாய் வரை வந்தது. ஆனால் முகம் தெரியாத ஒரு பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு விழுவது கண்ணில் தெரிந்தது. தலைவழியே கழற்றி, நாலாக மடித்துக் கொடுத்தார்.

ஆன்றோ ஜாஸ்மியைப் போனில் பிடித்து, எல்லாருக்கும் கேட்கும்படி வைத்தான். அவள் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "அத எப்பிடி விளிக்கணும் மாமா?"

மேற்கே, மலையாளம் கலந்து பேசும் புதுக்கடை ஊரில் பிறந்த ஓமனாவுக்கு மகள் என்றால் மோள்தான். பறவையும் மோள்தான். தாணு தொண்டையைச் செருமிக்கொண்டு மெல்லச் சொன்னார்: "வா மோளே, ஆறிப் போவும்."

அவர் குரல் கேட்டதும் டெம்போவுக்குள் பலகை அதிர்ந்தது. உதைமேல் உதை.

ஜாஸ்மி சொல்லிப் பார்த்தாள். "வா மோளே. வா. ஆறிப் போவும்."

உதை நின்றது. இரண்டு வருஷமாகக் கேட்காத சத்தம், ஈமுவின் தொண்டைக்குள்ளிருந்து வரும் அந்தக் கொட்டுச் சத்தம், பலகைக்குப் பின்னாலிருந்து வந்தது. தாணு திரும்பி மகளைப் பார்த்தார். நந்தனாவை இடுப்பில் வைத்திருந்த இந்துஜா அடுக்களைப் பக்கம் இரண்டு எட்டு நடந்திருந்தாள். பள்ளிக்கூடம் விட்டு வந்து விளையாடிக்கொண்டிருந்தவளை ஓமனா சாப்பிட விளித்ததும் இதே வார்த்தைகளால்தான். நடந்ததை உணர்ந்ததும் அங்கேயே நின்று முகத்தைப் பிள்ளையின் தோளில் புதைத்துக்கொண்டாள்.

தாணு ஆன்றோவின் கையிலிருந்து போனை வாங்கினார்.

"மக்களே, இன்னொருக்க விளி," என்றார்.