இருமல் விழும் இடம்

மிர்ஸா ஹஷ்மத் பேக்குக்கு ஐம்பத்தொன்பது வயதாகிறபோது, தன்னைத் தாங்கக்கூடிய ஒரு சொல் உருது மொழியில் இல்லை என்ற முடிவுக்கு ஏறக்குறைய வந்துவிட்டார். குற்றம் மொழியுடையது. இவர் பக்கம் ஒரு குறையும் இல்லை.

கஜல் எழுதுகிறவனுக்கு ஒரு புனைபெயர் வேண்டும். தான் யார் என்று தானே தேடிக் கண்டுபிடித்த ஒற்றைச் சொல். கடைசி ஈரடியில் அதைச் சொல்லித்தான் கஜலை முடிக்க வேண்டும். ஹைதராபாத் ஷாலிபண்டாவில் தையற்காரன் முதல் தாசில்தார் வரை எல்லாரிடமும் அப்படி ஒன்று இருந்தது. ஹஷ்மத் பேக் அவற்றையெல்லாம் கேட்டு மூக்கைச் சுளித்தார். ‘காயம்பட்டவன்’ என்று ஒருவர். ஆயுசில் அவருக்குப் பட்ட காயம் நாவிதர் கைதவறிய ஒன்றுதான். ‘நாடோடி’ என்று இன்னொருவர். சார்மினாரைத் தாண்ட வேண்டுமென்றால் அவருக்குத் துணைக்கு ஆள் வேண்டும். தீபத்தில் விழுந்து சாகும் ‘விட்டில்’ என்று பெயர் வைத்துக்கொண்ட வஜாஹத் அலிக்கோ உடம்பு அரிசி மூட்டை. அவர் விழுந்தால் தீபம்தான் சாகும்.

ஹஷ்மத் பேக் எடையளவு இலாகாவில் ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர். முப்பது வருஷம் கடைக்காரர்களின் படிக்கற்களைத் தூக்கிப் பார்த்து, ‘குறைகிறது’ என்று சொல்லிப் பழகிய கை. சொற்களையும் அப்படியே தூக்கிப் பார்த்தார். ‘கடல்’ குறைந்தது. ‘சூரியன்’ சாயங்காலமானால் மறைகிறது. ‘சிங்கம்’ மிருகம்.

இருபத்தேழு வயதில் முதல் கவியரங்கம் ஏறியபோதும் பெயர் முடிவாகவில்லை. படிக்க இவர் முறை என்று முன்னால் மெழுகுவத்தியை வைத்துவிட்டார்கள். கடைசி ஈரடி வந்தது, பெயர் விழ வேண்டிய இடம் வந்தது, சொல் வரவில்லை. இருமினார். சரியாக இரண்டு இருமல், சந்தம் ஒரு நூல் பிசகவில்லை. துக்கம் தொண்டையை அடைத்துவிட்டது என்று சபை எண்ணியது. ‘வாஹ், வாஹ்’ என்று கூரை பறந்தது.

அன்று தொடங்கியது. முப்பத்திரண்டு வருஷம் பெயரைத் தேடிக்கொண்டே இருந்தார், அதுவரைக்கும் என்று இருமிக்கொண்டே இருந்தார். போகப்போக சபையும் கூடவே இருமத் தொடங்கியது. எழுநூறு பேர் ஒரே தாளத்தில் இருமினதில் மொகல்பூராவில் புறாக்கள் ஒரு வாரம் கூட்டுக்குத் திரும்பவில்லை. ஒரு கிளி அதைக் கற்றுக்கொண்டதில் வீட்டுக்காரருக்குக் காசநோய் என்று தெருவெல்லாம் புரளி கிளம்ப, அவர் மகள் நிக்காஹ் நின்றது. இதில் சந்தேகமுள்ளவர்கள் அந்தக் கிளியையே கேட்கலாம்.

இப்போது புத்தகம் வருகிறது. கல்லச்சுக்குக் கையால் எழுதித் தரும் குத்புத்தீன் அறுபத்தொரு கஜலையும் முத்து முத்தாக எழுதி முடித்துவிட்டார். ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு விரல் அகலத்துக்கு வெள்ளையாக இடம் விட்டிருந்தார். அட்டையிலும் அப்படியே.

“வெள்ளிக்கிழமை காலையில எழுத்தைக் கல்லுல ஏத்தி மெஷினுக்கு அனுப்பறாங்க, மிர்ஸா சாஹிப். அதுக்குள்ள ஒரு பேரைச் சொல்லிடுங்க. அறுபத்தொரு ஓட்டையோட புத்தகம் போட்டா கரையான் அரிச்சதுன்னு திருப்பிக் கொடுத்துடுவாங்க.”

“முப்பது வருஷம் யோசிச்சதை மூணு நாள்ல கேக்கறீங்க.”

“முப்பது வருஷத்துல நான் ஏழு பேருக்குக் கல்லறை எழுத்து எழுதிட்டேன். செத்தவங்களே சீக்கிரம் சொல்லிடறாங்க.”

வீட்டில் மனைவி கைருன்னிசா கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். வேறு வழியில்லாமல் அவளையும் கேட்டார்.

“நீயும் முப்பத்தஞ்சு வருஷமா பார்க்கறே. என்னை ஒரே வார்த்தையில சொல்லணும்னா என்ன சொல்லுவே?”

“‘நாளைக்கு’ன்னு வெச்சுக்கோங்க. அந்தப் பரண் பலகையை எப்ப மாட்டுவீங்கன்னு கேட்டா அதைத்தானே சொல்றீங்க.”

“பொம்பளைங்களுக்கு இலக்கியம் புரியாதுன்னு இதுக்குத்தான் சொல்றது.”

“புரியாதவகிட்ட எதுக்குங்க கேக்கறீங்க?”

தேநீர்க் கடையில் வஜாஹத் அலி கேட்காமலே யோசனை சொன்னார். சாஸரில் ஊற்றிய தேநீரை உறிஞ்சிவிட்டு, “மியான், பேசாம ‘சளி’ன்னு வெச்சுக்கோங்க. நாங்க ஒரு சொல்லுக்கு ரத்தம் கக்கறோம், உங்களுக்கு அதுவே போதும்” என்றார். கடையே சிரித்தது. ஹஷ்மத் பேக் அந்த முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். எல்லாமே குறைந்தன.

புதன்கிழமை காலை, ஓய்வு பெற்று, போன கவியரங்கத்துக்குப் பிறகு வளர்த்துவந்த தாடியைக் கண்ணாடி முன்னால் வாரிக்கொண்டிருந்தார். அப்போது சொல் வந்தது. ‘ஒப்பிலான்.’ தூக்கிப் பார்த்தார். குறையவில்லை. கண்ணாடியையும் பார்த்தார். அதிகமாகவும் தெரியவில்லை. இத்தனை வருஷம் எந்தச் சொல்லும் தனக்கு ஈடாகவில்லை என்றால், ஈடில்லாதவன் என்பதுதானே தன் பெயர்! இது முதல் நாளே தெரிந்திருக்கலாம். அடக்கம்தான் தடுத்திருக்கிறது.

வியாழன் மாலை கவியரங்கம். பெயரை அங்கே அறிவித்துவிட்டு மறுநாள் குத்புத்தீனிடம் சொல்வதாக ஏற்பாடு. இரண்டு நாளும் அதிமதுரக் கஷாயமும் தேனும் குடித்தார். தொண்டை கண்ணாடி மாதிரி ஆயிற்று. மெழுகுவத்தி முன்னால் வந்ததும் ஊருக்கே மனப்பாடமான கஜலை எடுத்தார். கடைசி ஈரடி வந்தது. எழுநூறு பேர் இருமுவதற்கு மூச்சை இழுத்துப் பிடித்தார்கள்.

“ஒப்பிலான்” என்றார்.

இழுத்த மூச்சு யாருக்கும் வெளியே வரவில்லை. பின்வரிசையில் வளையல் கடை சுபூர்கான் எழுந்தார்.

“ஜனாப், இது இருமல்காரரோட கஜல் ஆச்சே! அதுல உங்க பேரைப் போட்டுப் படிக்கறீங்களே, இது அடுக்குமா?”

“நான்தான்யா அது!”

“அவருக்குத் தாடி கிடையாது!”

“திருட்டு! திருட்டு!” என்று நாலு பக்கமும் குரல் எழுந்தது. ஹைதராபாத்தில் கவிஞனை என்ன வேண்டுமானாலும் சொல்லலாம், கவிதை திருடியவன் என்று மட்டும் சொல்லிவிட்டால் அவன் பிறகு கறிகாய் வாங்கக்கூட வெளியே வர முடியாது. ஹஷ்மத் பேக் சாட்சிக்கு ஆள் தேடித் திரும்பினார். பக்கத்தில் வஜாஹத் அலி தாடையைத் தடவிக்கொண்டு, “யாரோ என்னவோ, எனக்குப் பார்த்த ஞாபகம் இல்லே” என்றார்.

“நீங்கதான் அவர்னா இருமிக் காட்டுங்க!” என்றார் சுபூர்கான்.

முதலில் மறுத்தார். இந்தக் கும்பலுக்கு நான் சாட்சி சொல்வதா என்று நெஞ்சை நிமிர்த்தினார். மேடையை நோக்கி ஒரு செருப்பு வந்ததும் இருமினார். வரவில்லை. கஷாயம் தன் வேலையைச் செய்திருந்தது. கழுவிவிட்ட குழாய் மாதிரி காற்று மட்டும் வந்தது.

“போலி!” என்றது சபை. “எங்க வீட்டுப் பூனை இதைவிட நல்லா இருமும்!”

போதாக்குறைக்கு வஜாஹத் அலி எழுந்து, எப்படி இரும வேண்டும் என்று இருமிக் காட்டினார். அசலைவிட நன்றாக இருந்தது. சபை அவருக்குக் கைதட்டியது.

அதுதான் பொறுக்கவில்லை. “விட்டிலாம் விட்டில்! உன் தொப்பைக்கு—” என்று ஹஷ்மத் பேக் பாய்ந்தபோது, வாயில் அடக்கியிருந்த பாக்குத்துண்டு தவறான வழியில் இறங்கியது. கண் பிதுங்கியது. இரண்டு இருமல் வந்தது, மேடைப் பலகை அதிர. சந்தம் ஒரு நூல் பிசகவில்லை.

சபை எழுந்து நின்றது. “வாஹ்! அவரேதான்! இருமல்காரரேதான்!” சுபூர்கான் கண்ணைத் துடைத்துக்கொண்டார். “மன்னிச்சுடுங்க ஹஸ்ரத். ஏதோ ஒரு பேரைச் சொன்னீங்களே, அதுல ஏமாந்துட்டோம்.” எழுநூறு பேரும் இருமினார்கள். மெழுகுவத்தி அணைந்தது.

வெள்ளிக்கிழமை காலை குத்புத்தீன் மையில் நாணல் பேனாவைத் தோய்த்துக்கொண்டு காத்திருந்தார். ஹஷ்மத் பேக் வந்தார், உட்கார்ந்தார், அறுபத்தொரு வெள்ளை இடங்களையும் ஒரு தடவை புரட்டிப் பார்த்தார்.

“என்ன எழுதட்டும்?”

ஹஷ்மத் பேக் வாயைத் திறந்தார். திருட்டு, திருட்டு என்ற குரல் காதில் அப்படியே இருந்தது. மூடிக்கொண்டார்.

“அப்படியே இருக்கட்டும்.”

“அட்டையிலயுமா?”

“அங்கயும்தான். அந்த மடப் பசங்களுக்கு அதுதான் தெரியுது.”

புத்தகம் அப்படியே வந்தது. வாங்க வந்தவர்கள் கடையில் நின்று முடிவுப் பக்கங்களைப் புரட்டிப் புரட்டி இருமியதில், கடைக்காரர் தொற்றுநோய் என்று நகராட்சி வந்துவிடுமோ எனப் பயந்து அதை மட்டும் வாசலுக்கு வெளியே ஒரு பெஞ்சில் வைத்து விற்றார். ஒரே மாதத்தில் தீர்ந்தது.

அடுத்த கவியரங்கத்தில் வஜாஹத் அலி விட்டிலைக் கைவிட்டு, ‘ஒப்பிலான்’ என்ற பெயரில் படித்தார். ஹஷ்மத் பேக் முதல் வரிசையில் உட்கார்ந்து கடைசி ஈரடி வரைக்கும் பொறுமையாகக் கேட்டார். பிறகு பக்கத்திலிருந்த குத்புத்தீன் பக்கம் சாய்ந்து, மேடைக்குக் கேட்கும்படியாகவே சொன்னார்:

“பார்த்தீங்களா? நான் இருமித் துப்பினதை எடுத்து வெச்சுக்கிட்டான்.”