ஸ்வாமிநாதன் சாருக்கு ஒரு டிரா

உடம்பில் உயிர் இருக்கும்வரை செஸ் போர்டின் மேல் தன் கை பொய்யாக ஒரு காயைக்கூட நகர்த்தாது என்று ஸ்டீபன் அறிவித்தபோது, தாபோடி ஸ்டேஷன் வாசலில் வடாபாவ் தின்றுகொண்டிருந்தவர்களில் ஒருவர்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. அறிவிப்பு தமிழில் இருந்தது ஒரு காரணம். வடாபாவ் சூடாக இருந்தது இன்னொன்று.

"உன் கைய இப்ப யாருடா கேட்டா?" என்றான் பத்மநாபன், பச்சைமிளகாயைக் கடித்தபடி. "ஒரே ஒரு டிரா. ஸ்வாமிநாதன் சாருக்கு. அவ்ளோதான்."

"டிரா கேட்டா பிச்சை. குடுத்தா லஞ்சம். ரெண்டும் நமக்கு வராது."

பத்மநாபன் கிராண்ட்மாஸ்டர். வாகட்டில் ஒரு பில்டரோடு கண்காட்சி ஆட்டம் ஆடி, ஜெயிக்க வேண்டிய இடத்தில் மூக்கைச் சொறிந்துகொண்டு டிரா கொடுத்தவன். பில்டர் அந்தப் போட்டோவை ஆபீசில் மாட்டிவிட்டு அவனை ஐரோப்பாவுக்கு அனுப்பினார். போனவன் பட்டத்தோடு திரும்பினான். அன்றிலிருந்து ஸ்டீபன் அவனை அறிமுகம் செய்வதே, "இவன் பில்டர் கட்டின கிராண்ட்மாஸ்டர், மழை பெய்தா ஒழுகும்" என்றுதான்.

ஸ்டீபனிடம் பட்டம் இல்லை. பட்டத்துக்கு வேண்டியவற்றில் பெரும்பகுதி இருந்தது. பெரிய போட்டிகளில் மூன்று முறை பிரமாதமாக ஆடி 'நார்ம்' வாங்க வேண்டும். வாங்கி பீரோவில் வைத்திருந்தான். ரேட்டிங் 2500ஐத் தொட வேண்டும். அவனுடையது 2491இல் நின்றுவிட்டது. மூன்று வருடமாக நிற்கிறது, சிவாஜி நகருக்கு வெளியே சிக்னல் கிடைக்காத லோக்கல் ரயில்போல. அது கொஞ்சம் நகரும்போதெல்லாம் பால்பல் விழாத ஏதாவதொரு குழந்தை, பக்கத்தில் ஜூஸ் பாட்டிலோடு வந்து உட்கார்ந்து, அவனைத் தோற்கடித்துவிட்டு டியூஷனுக்குப் போய்விடும். அந்தக் குழந்தைகள் எல்லாம் இப்போது கிராண்ட்மாஸ்டர்கள். ஸ்டீபனுக்கு இருபத்தெட்டு.

மிச்சமிருந்தது அடுத்த மாதம் செர்பியாவில் நடக்கும் போட்டி. அனுப்ப ஆள் வேண்டும். பாணேரில் குடியிருக்கும் ஸ்வாமிநாதன் ஒரு மென்பொருள் கம்பெனியின் தலைவர். வருடத்துக்கு ஒரு ஆட்டக்காரரைக் கம்பெனி செலவில் அனுப்புகிறவர். ஸ்டீபனைத் தன் அபார்ட்மெண்ட் கிளப் ஹவுசுக்கு ஞாயிற்றுக்கிழமை வந்து, குடியிருப்போர் எல்லாரோடும் ஒரே நேரத்தில் ஆடிக்காட்டச் சொல்லியிருந்தார். ஏற்பாடு செய்தது பத்மநாபன். ஒழுகினாலும் கூரை கூரைதான்.

வீட்டில் அம்மா செல்வமேரி வேறு ஏற்பாடு செய்திருந்தாள்.

"ஏல, அந்த ஒம்பது மார்க்கு எப்பம்ல வரும்?"

"மார்க் இல்லம்மா. ரேட்டிங்."

"என்ன எழவோ. சோத்துக்கு எத்தன ரேட்டிங் வேணும்? திங்கக்கெழம ஹிஞ்சேவாடில வந்து சேருவான்னு ஒங்க மாமாட்ட சொல்லியாச்சு."

அமெரிக்காக்காரர்களின் வாஷிங் மெஷின் புகார்களை விடிய விடியக் கேட்கும் வேலை. மாமா வழியாக அங்கே சேர்ந்தவர்களில் மறுபடி போர்டின் முன் உட்கார்ந்தவர் யாரும் இல்லை. சிலர் மறுபடி பகலைப் பார்த்ததே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை கிளப் ஹவுசில் மேஜைகளை லாடம்போல வளைத்துப் போட்டிருந்தார்கள். ஸ்டீபன் உள்ளே நடந்து நடந்து ஒவ்வொரு போர்டிலும் ஒரு காய் நகர்த்தினான். ஜெயிப்பது மூச்சுவிடுவதுபோல நடந்தது. வங்கி அதிகாரி நஸ்ரின் மட்டும் கொஞ்சம் தாக்குப்பிடித்தாள். அவளும் விழுந்தபின் போகாமல், ஸ்வாமிநாதனின் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றுகொண்டாள். கடைசியாக மிஞ்சியது அவருடைய போர்டுதான்.

"காலேஜ்ல நான் சேம்பியனுங்க தம்பி. உங்கள லேசுல விடறதா இல்லீங்க."

"ரொம்ப நல்லா ஆடறீங்க சார்." இது வாயின் பொய்தான். சபதம் கையைப் பற்றியது.

"போன வருசம் இப்படித்தான் ஒரு பையன் வந்தானுங்க. என்னை இருபது மூவ்ல முடிச்சுப்போட்டான். நல்ல தெறமசாலி." ஸ்வாமிநாதன் தேநீரை உறிஞ்சினார். "இப்ப எங்க இருக்கானோ."

ஸ்டீபனின் சட்டைப்பையில் போன் அதிர்ந்தது. அம்மாவின் குரல்செய்தி. ஓரமாகப் போய்க் காதில் வைத்துக் கேட்டான். 'நாளைக்கி நீலச் சட்டய தேச்சு வச்சிருக்கேன். ஷூவுக்கு பாலீஷ் போட்டுக்கோ.'

திரும்பி வந்து போர்டின் முன் நின்றான். ஜெயிக்க வேண்டாம், அவ்வளவுதான் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். ஜெயிக்காமல் இருப்பது பொய் இல்லை, ஒருவகை ஓய்வு. யானையைப் பின்னால் இழுத்தான். ஒரு சிப்பாயை விட்டான். அப்போதுதான் அவனுக்கு விளங்கியது, பதினெட்டு வருடத்தில் இதைவிடக் கடினமான ஆட்டத்தை அவன் ஆடியதில்லை. எவ்வளவு பதுங்கினாலும் ஸ்வாமிநாதன் தேடி வந்து தோற்றார். இப்போது ராணியைத் தூக்கி, ஸ்டீபனின் குதிரை கண்ணை மூடிக்கொண்டு வெட்டக்கூடிய கட்டத்தில், டொக்கென்று வைத்தார்.

"ஐயோ சார், ராணி சும்மா நிக்குதே!" என்றாள் நஸ்ரின்.

"பார்க்கறவங்க பேசக் கூடாது மேடம்," என்றான் ஸ்டீபன். "ரூல்."

குதிரையைத் தொடாமல் ஓரத்துச் சிப்பாயை நகர்த்தினான். நஸ்ரின் அவனைப் பார்த்தாள். ஸ்டீபன் ஜன்னலுக்கு வெளியே நீச்சல் குளத்தைப் பார்த்தான். பிறகு மூக்கைச் சொறிந்தான். சொறிந்த பிறகுதான் அது எங்கே பார்த்த சொறிதல் என்று நினைவு வந்தது. ஆனாலும் கையை நீட்டினான்.

"டிரா வச்சுக்கலாமா சார்?"

ஸ்வாமிநாதன் நீட்டிய கையைப் பார்த்தார். போர்டைப் பார்த்தார். விரலால் காய்களை ஒவ்வொன்றாக எண்ணினார்.

"எனக்கு ஒரு சிப்பாய் அதிகமா இருக்குதுங்களே. எதுக்குங்க டிரா?" என்று ராணியை அங்கேயே விட்டுவிட்டு வேறொரு சிப்பாயைத் தள்ளினார்.

ஸ்டீபன் நீட்டிய கை அந்தரத்தில் நின்றது. அதை எங்கே வைப்பது என்று அவனுக்குத் தெரியவில்லை. பத்மநாபனுக்கு இப்படி ஒரு பில்டர் வாய்க்கவில்லை.

அடுத்த இரண்டு நகர்வில் மேட் இருந்தது. அவன் கையில். குதிரை செக், யானை மேட். கண்ணை மூடினாலும் தெரிந்தது. பதினெட்டு வருடம் அந்தக் குதிரையில் ஏறித்தான் இதுவரை வந்திருந்தான். நஸ்ரினுக்கும் தெரிந்திருக்க வேண்டும். உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள். இஸ்திரி போட்ட நீலச் சட்டை ஒன்று ஹேங்கரில் தொங்கி ஆடுவதும் தெரிந்தது.

ஸ்டீபன் ராஜாவை எடுத்து மூலையில், அந்த ராணியின் வாய்க்கு எட்டும் இடத்தில் வைத்தான். ராணி ஒரு கட்டம் தள்ளி வந்தால் போதும், மேட்.

ஸ்வாமிநாதன் தாடையைத் தடவினார். "ம்ம்" என்றார். அவர் கை ராணியைத் தாண்டி, யாருக்கும் எந்தக் கெடுதலும் செய்யாத ஒரு சிப்பாயை நோக்கி இறங்கத் தொடங்கியது. இவரிடம் தோற்பதற்குக்கூட இனி ஒருவன் தனியாகத்தான் உழைக்க வேண்டும்.

விரல் சிப்பாயைத் தொடுவதற்குள், "மேட் சார்," என்றான் மெல்ல. "உங்க ராணி வந்தா… நான் ரிசைன் பண்றேன்." தோல்வியை ஒப்புக்கொண்டு தன் ராஜாவைச் சாய்த்தான்.

ஸ்வாமிநாதனின் கை அப்படியே நின்றது.

"அதைத்தானுங்க தம்பி நானும் பார்த்துட்டு இருந்தேன்."

யாரோ கைதட்டினார்கள். யாரோ போனைத் தூக்கிப் பிடித்து, இன்னொருமுறை அப்படியே செய்யச் சொன்னார்கள். நஸ்ரின் மட்டும் பையை மாட்டிக்கொண்டு லிஃப்டை நோக்கி நடந்தாள்.

ஸ்டீபன் ராஜாவை மறுபடி நிமிர்த்தி, போட்டோவுக்காக இரண்டாவது முறை சாய்த்தான். விழும்போது சத்தம் வந்துவிடக் கூடாதென்று, இன்னொரு கையால் அதன் தலையைத் தாங்கிக்கொண்டான்.